அன்பினால் அன்றி வேறு நிர்ப்பந்தம் இன்றி

பொறுமைக்கும் அன்புக்கும் பேர்போன என் தங்கை சுண்டெலிக்கு,

அண்ணன் ஆசிகளுடன் எழுதிக்கொள்வது. இங்கே நானும் உன் அண்ணியும் மகனும் என் இடது மூட்டும் அவரவர் போக்கில் நலமாக இருக்கிறோம். அங்கே நீயும், நீ காவல் காக்கும் நூற்றிருபது விடுதிப் பெண்களும், அந்த ஒழுகும் தண்ணீர்த் தொட்டியும் நலமென்றே வைத்துக்கொள்கிறேன். உன் அண்ணி பக்கத்தில் உட்கார்ந்து நான் எழுத எழுதப் படித்துக்கொண்டிருக்கிறாள். தன் அன்பையும் சேர்த்துக்கொள்ளச் சொல்கிறாள். சேர்த்தாயிற்று.

உன் கடிதம் மூன்று வாரத்துக்கு முன்பே கிடைத்தது. நான்கே வரி. “அண்ணா, மாசக் கடைசியோட விடுதி வேலை முடியுது. என் அறையைக் காலி பண்ணச் சொல்லிட்டாங்க. அப்பா இருந்த பின் அறையில நான் வந்து இருந்துக்கட்டுமா? எனக்கு அது போதும்.” ஒரு பிழை கிடையாது. முப்பத்து நான்கு வருஷம் அச்சகத்தில் பிழை திருத்தியவன் சொல்கிறேன், கால்புள்ளிகூட இருக்க வேண்டிய இடத்தில்தான் இருந்தது. அந்தப் பின் அறை விஷயத்துக்குக் கடைசியில் வருகிறேன். அதைவிட அவசரமான விஷயம் ஒன்று இருக்கிறது என்று உன் அண்ணி அபிப்பிராயப்படுகிறாள்.

வரும் திங்கட்கிழமை காலை பத்து மணிக்குள் நீ இங்கே பதிவு அலுவலகத்துக்கு வந்துவிட வேண்டும். புகைப்படம் மூன்று, அடையாள அட்டை அசல், கண்ணாடி மறக்காமல். ஒரே ஒரு கையெழுத்துதான், பக்கத்துக்கு ஒன்று வீதம் ஆறு. என்ன கையெழுத்து என்று கேட்பாய். அப்பா வீட்டில் உனக்கு இருக்கிற பாதியை எனக்கு விட்டுக் கொடுப்பதாக நீ எழுதிக் கொடுக்கும் விடுதலைப் பத்திரம். பதறாதே, விடுதலை நல்ல வார்த்தைதான். மகன் வீட்டை இடித்துவிட்டு நான்கு மாடி கட்டப் போகிறான். கட்டித் தருகிறவர் வந்து பார்த்து, சுவரைத் தட்டி, உதட்டைப் பிதுக்கி, “சொத்து ஒரே பேர்ல இருக்கணும் சார், ரெண்டு பேர்னா எனக்கு ரெண்டு தலைவலி” என்று சொல்லிவிட்டார். அந்த இரண்டில் நீ எந்தத் தலைவலி, நான் எந்தத் தலைவலி என்று அவர் சொல்லவில்லை.

சரி, பத்திரம்தானே, போய் எழுதிக்கொண்டு வந்துவிடலாம் என்று போன சனிக்கிழமை மகனோடு கிளம்பினேன். அங்கே ஆரம்பித்தது வினை. பதிவு அலுவலகத்துக்கு எதிரே பத்திர எழுத்தர்களின் கடைகள் வரிசையாக இருக்கும், உனக்கு ஞாபகம் இருக்கும். அத்தனையும் ஷட்டரை இறக்கிவிட்டுக் கறுப்புத் துணி கட்டியிருக்கிறார்கள். இனிமேல் வக்கீல்களும் பத்திரம் எழுதலாம், எழுதினால் அலுவலகத்தில் வாங்கிக்கொள்ள வேண்டும் என்று உத்தரவு வந்துவிட்டதாம். அதை எதிர்த்துப் போராட்டம். மகனுக்குத் தெரிந்த எழுத்தர் தன் கடை வாசலில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு, இழவு வீட்டுக்காரர் மாதிரி உட்கார்ந்திருந்தார். எங்களைப் பார்த்ததும் பொங்கிவிட்டார். “முப்பது வருஷமா இந்த ஊர் வீடெல்லாம் கை மாறினது என் கை வழியாத்தான் சார். இப்ப வக்கீலுங்க எழுதுவாங்களாம். சண்டை இழுத்து விடறவங்க கையில சமாதானப் பேப்பரைக் கொடுத்தா உருப்படுமா? விடுதலைப் பத்திரம் எனக்கு எட்டு நிமிஷ வேலை. பேரை மாத்தணும், தேதியை மாத்தணும், முடிஞ்சுது. யாரையும் ஒரு வார்த்தை கேட்க மாட்டேன். ஆனா போராட்டம் முடியாம பேனாவைத் தொட மாட்டேன்.”

தொட மாட்டாரே தவிர, பெருமைக்காக ஒரு மாதிரிப் பத்திரத்தை எடுத்து என் கையில் கொடுத்தார். கொடுத்திருக்கக் கூடாது. என் சட்டைப் பையில் சிவப்புப் பென்சில் இருந்தது. அவர் வக்கீல்களைத் திட்டி முடிப்பதற்குள் இரண்டு பக்கத்தில் பத்தொன்பது பிழை திருத்திவிட்டேன். மனிதருக்கு முகம் சுருங்கிவிட்டது. “அந்தத் தப்போடதான் சார் முப்பது வருஷமா பதிவாகுது” என்றார். அதில் ஒரு வரி எனக்குப் பிடித்தது. ‘அன்பினாலும் பாசத்தினாலும் அன்றி வேறு எவ்வித நிர்ப்பந்தமும் இன்றி’ எழுதிக் கொடுப்பதாக. அன்பும் பாசமும் தவிர வேறு யாரும் எதுவும் கட்டாயப்படுத்தவில்லை என்று பொருள். நல்ல வரி. ஆனால் பாசம் முதலில் வந்து அன்பு பிறகு வந்தால் ஓசை சரியாக விழும் என்று தோன்றிற்று. சொற்களை இடம் மாற்ற அச்சகத்தில் பாம்பு மாதிரி ஒரு வளைகோடு போடுவோமே, அதைப் போட்டேன். கை நடுங்கியதில் பாம்பு கொஞ்சம் நீளமாகப் போய்விட்டது. “நீங்க எழுதும்போது இந்தத் திருத்தத்தோட எழுதுங்க” என்று சொல்லிக் கொடுத்துவிட்டு வந்தோம்.

மகனுக்குப் பொறுக்கவில்லை. “வக்கீல் எழுதினா செல்லும்னு உத்தரவே இருக்கு, இவர் கிட்ட எதுக்குக் கெஞ்சணும்?” என்று ஒரு வக்கீலம்மாவிடம் இழுத்துக்கொண்டு போனான். மாவு மில்லுக்கு மேல் மாடி. மில் ஓடினால் மேசை ஆடுகிறது, சட்டப் புத்தகங்களுக்கெல்லாம் யாரோ முகப் பவுடர் பூசிவிட்ட மாதிரி இருக்கிறது. முப்பது வயதிருக்கும் அந்தம்மாவுக்கு. உத்தரவு வந்து எழுதப் போகும் முதல் பத்திரம் நம்முடையதுதானாம். புதுப் பேனாவை எடுத்து மூடியைத் திறந்து, “எழுதிக் கொடுக்கிறவங்க யாரு?” என்று கேட்டாள்.

“இவருதாங்க, எங்கப்பா” என்றான் மகன்.

“இவர் எழுதி வாங்கறவர். நான் எழுதிக் கொடுக்கிறவங்களைக் கேட்டேன்.”

முப்பத்து நான்கு வருஷம் வார்த்தைகளோடு குப்பை கொட்டியவனுக்கு அப்போதுதான் உறைத்தது. எழுதிக் கொடுப்பவர் என்றால் நீ. நீ ஒரு எழுத்துகூட எழுதவில்லை, எழுதுகிறார்கள் என்றுகூட உனக்குத் தெரியாது. எழுதி வாங்குபவர் நான். ‘எழுதி வாங்கிட்டான்’ என்று ஊரில் எந்த மாதிரி ஆளைப் பற்றிச் சொல்வார்கள் என்று உனக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. (இந்த வரி எதற்கு என்கிறாள் உன் அண்ணி. சொல் விளக்கத்துக்கு என்று சொன்னேன்.)

“அத்தை வெளியூருங்க, திங்கட்கிழமை வந்து கையெழுத்துப் போட்டுடுவாங்க” என்றான் மகன். எதற்காக விட்டுக் கொடுக்கிறார்கள் என்று அந்தம்மா கேட்க, கீழே மில் ஓட ஆரம்பித்துவிட்டது. அவளுக்குக் கேட்க வேண்டுமே என்று இவன் தொண்டை கிழியக் கத்தினான். சரியாக அந்த நேரம் பார்த்து மில் நின்றுவிட்டது. “பாசத்துல தர்றாங்க!” என்று அவன் போட்ட சத்தம் தெருக்கோடி வரை போயிற்று. கீழே மாவு வாங்க வந்த இரண்டு பேர் அண்ணாந்து பார்த்தார்கள்.

“யார் மேல பாசம்?” என்றாள் வக்கீலம்மா, மெதுவாக.

“எங்க மேலதான்.”

“அவங்க சொன்னாங்களா?”

எனக்கு இருமல் வந்துவிட்டது. மாவுத் தூசி. அவள் விடவில்லை. கடைசிக் காலத்தில் அப்பாவை யார் பார்த்துக்கொண்டது என்று கேட்டாள். அத்தைதான், லீவு போட்டுவிட்டு வந்தார்கள் என்றான். எத்தனை நாள்? பதினான்கு மாசம். எங்கே இருந்தார்கள்? பின் அறையில், தாத்தா கட்டிலுக்குப் பக்கத்தில் பாய் போட்டு. இப்போது எங்கே? விடுதியில். விடுதி வேலை முடிந்த பிறகு? மகன் கைபேசியைப் பார்த்தான். நான் மாவைப் பார்த்தேன். சுண்டெலி, அந்தப் பதினான்கு மாசமும் நீ அவரைப் புரட்டிப் புரட்டிப் படுக்க வைத்தாய், துடைத்தாய், அள்ளிப் போட்டாய். நானும் சும்மா இருந்துவிடவில்லை. தினமும் காலையில் நிலைப்படிக்கு அந்தப் பக்கம் நின்று “எப்படி இருக்கு?” என்று கேட்டேன். அதற்கும் ஒரு ஆள் வேண்டும் அல்லவா?

மகனுக்குக் கோபம் வந்துவிட்டது. “நாங்க சொல்றதை எழுதறதுதானே உங்க வேலை? எதிர்க்கடைக்காரர் ஒரு கேள்வி கேட்க மாட்டாரே” என்றான். அந்தம்மாவுக்கும் வந்துவிட்டது. “பத்திரத்துக்கு அடியில ‘வரைந்தவர்’னு என் பேரும் என் பதிவு எண்ணும் வரும் தம்பி. நாலு வருஷம் மனு மேல மனு போட்டு, நடையா நடந்து இந்த உரிமையை வாங்கியிருக்கோம். கேள்வி கேட்காம எழுதறதுக்கா வாங்கினோம்? அந்தம்மா நேர்ல வந்து என்கிட்டச் சொல்லணும். அதுவரைக்கும் இது வெறும் வரைவு, என் கையெழுத்து விழாது” என்று சொல்லி, அன்று சாயங்காலமே ஆறு பக்கம் அடித்துக் கொடுத்துவிட்டாள். முதல் பத்திரம் அல்லவா, பழக்கதோஷத்தில் ஒரு இடத்தில் உன்னை வாதி என்றும் என்னைப் பிரதிவாதி என்றும் போட்டிருந்தாள். அதைத் திருத்தினேன். ஆனால் நாங்கள் யாரும் சொல்லாமலே நான்காம் பக்கத்தில் ஒரு வரி சேர்த்திருக்கிறாள்: ‘எழுதிக் கொடுப்பவர் தமது ஆயுட்காலம் முழுவதும் மேற்படி வீட்டின் பின் அறையில் எவருடைய இடையூறும் இன்றிக் குடியிருக்க உரிமை உடையவர்.’

வீட்டில் பூகம்பம். அந்தப் பின் அறை இருக்கும் இடத்தில்தான் புதுக் கட்டடத்துக்கு லிஃப்ட் வருகிறது. “ஆயுசு பூரா லிஃப்ட்டுக்குள்ளயா குடியிருப்பாங்க?” என்று மகன் குதித்தான். உன் அண்ணி குதிக்கவில்லை. சமையலறையிலிருந்து கை துடைத்துக்கொண்டு வந்து, “ஏங்க, பிழை திருத்தறவர்தானே நீங்க? அந்த வரியைத் திருத்துங்க” என்றாள், அவ்வளவுதான். அச்சகத்தில் ஒரு வரியை மேலாளர் சொன்னால் அடிப்பேன், நூலாசிரியர் சொன்னால் அடிப்பேன், காசாளர் சொல்லிக்கூட ஒரு தடவை அடித்திருக்கிறேன். எந்த வரியை எழுத வேண்டும் என்று என்னை யாரும் கேட்டது கிடையாது. சிவப்புப் பென்சிலை எடுத்து, அளவுகோல் வைத்து, நேராக ஒரு கோடு இழுத்தேன். சுத்தமான கோடு.

கோடு இழுக்கும்போது, என்னவோ, நீ அடி வாங்கினது ஞாபகம் வந்தது. நான் அச்சகத்தில் சேர்ந்த புதிது. வீட்டுக்குப் புரூப் கொண்டு வருவேன், பதினோரு வயசு உனக்கு, நீ மூலத்தைச் சத்தமாக வாசிக்க நான் திருத்துவேன். என் குறிகள் எல்லாம் உனக்கு அத்துபடி. ஒரு வார்த்தையைத் தப்பாக அடித்துவிட்டால், அடித்தது செல்லாது, அது இருக்கட்டும் என்பதற்கு அதன் கீழே வரிசையாகப் புள்ளி வைப்போம். நீ என்ன பண்ணினாய்? கணக்கு டீச்சர் தப்பு என்று சிவப்பு மையில் அடித்த விடைக்குக் கீழே அழகாகப் புள்ளி வைத்து அவரிடமே நீட்டினாய். டீச்சர் காரணம் கேட்டு, நீ காரணம் சொல்லி, இரண்டு கையும் வீங்கி வீட்டுக்கு வந்தாய். விடை சரியா தப்பா என்று இன்று வரை எனக்குத் தெரியாது. (இது எதற்கு என்று மறுபடியும் கேட்கிறாள். பக்கம் நிரம்ப என்று சொன்னேன்.)

கோடு அடித்த வரைவை வக்கீலம்மாவிடம் காட்ட மகனுக்குத் தைரியம் இல்லை. புதன்கிழமை பழைய எழுத்தரிடமே போனான். போராட்டம் இன்னும் முடியவில்லை. ஆனால் கடையின் பின்பக்கம் ஒரு கதவு இருக்கிறது, போராட்டம் முன்பக்கம்தான். பாதி வெளிச்சத்தில், முதுகை வளைத்து, எட்டு நிமிஷத்தில் அடித்துக் கொடுத்துவிட்டார். கேள்வி ஒன்றும் கேட்கவில்லையாம். உன் புருஷன் பேரைக்கூடக் கேட்கவில்லை, அதனால் நீ பத்திரத்தில் இன்னாரின் மகள் என்பதோடு நிற்கிறாய். நீ அப்படித்தானே கடைசியில் நின்றாய்.

இப்போது பின் அறைக்கு வருகிறேன். அறையைப் பற்றி உனக்குக் கவலை வேண்டாம், அதில் கவலைப்பட ஒன்றும் மிச்சமில்லை. அப்பா கட்டில் போன வாரம் போய்விட்டது. அலமாரியும் போய்விட்டது. கதவைக் கழற்றிவிட்டார்கள், பழைய மரம் வாங்குகிறவர் வருகிற வரைக்கும் வைக்க இடமில்லாமல் என் கட்டிலுக்கு அடியில் தள்ளியிருக்கிறார்கள். மூன்று தடவை கால் விரலை இடித்துக்கொண்டேன். சுவரில் கட்டித் தருகிறவரின் ஆள் பெயின்ட்டால் பெருக்கல் குறி போட்டிருக்கிறான். உனக்காக உன் அண்ணி ஒரு முதியோர் இல்லம் விசாரித்து வைத்திருக்கிறாள். நேரத்துக்குச் சாப்பாடு, காற்றோட்டம், ஓர் அறைக்கு ஆறு பேர்தான். உனக்குத்தான் கூட்டத்தோடு இருந்து பழக்கமாயிற்றே என்கிறாள். நாங்கள் வாரக் கடைசியில் வந்து பார்ப்போம். மாதக் கடைசி என்று திருத்தச் சொல்கிறாள். திருத்திவிட்டேன்.

ஆகையால் தங்கச்சி, மனசில் ஒன்றும் வைத்துக்கொள்ளாமல் திங்கட்கிழமை வந்து, சிரித்த முகமாகக் கையெழுத்துப் போட்டுவிட்டு, சாயங்கால வண்டிக்கே திரும்பிவிடலாம். வீட்டில் இறங்கினால் சிமென்ட் தூசி உனக்கு ஒத்துக்கொள்ளாது. எல்லாம் நல்லபடியாக முடியும். நீ நூறு வயது நோய் நொடி இல்லாமல், யாருக்கும் பாரமில்லாமல் வாழ வேண்டும் என்று அண்ணனும், ‘யாருக்கும் பாரமில்லாமல்’ என்பதை அடிக்கோடிட்டு அண்ணியும் வாழ்த்துகிறோம்.

இப்படிக்கு,
உன் நலம் ஒன்றையே நாடும்
அண்ணன்

பின்குறிப்பு: இதைத் தபால் நிலையத்தில், கயிற்றில் கட்டி வைத்திருக்கிற பேனாவால் எழுதுகிறேன். உன் அண்ணி கூட வரவில்லை. ஒட்டுவதற்கு முன்னால் நான்கு வரி சேர்க்கிறேன்.

எழுத்தர் அடித்த பத்திரத்தை நேற்று மகன் என்னிடம் சரிபார்க்கக் கொடுத்தான். என் திருத்தத்தையெல்லாம் மனிதர் ஒழுங்காகப் போட்டிருக்கிறார். அந்தப் பாம்பையும் போட்டிருக்கிறார். நீளமாகப் போன பாம்பு அல்லவா, அது எதையெல்லாம் வளைத்ததோ அதையெல்லாம் இடம் மாற்றி, மாற்றினதற்கு ஏற்ப விகுதியையும் அவரே சரி செய்து அடித்துவிட்டார். முதல் பக்கம், ஏழாவது வரி: ‘நிர்ப்பந்தத்தினால் அன்றி வேறு எவ்வித அன்பும் பாசமும் இன்றி’ எழுதிக் கொடுத்த விடுதலைப் பத்திரம். மூன்று தடவை படித்தேன். எழுத்துப் பிழை இல்லை. சந்திப் பிழை இல்லை. பொருளிலும் பிழை இல்லை. கை நடுங்கித்தான் கோடு நீண்டதா, கைக்குத் தெரிந்தே நீண்டதா என்று எனக்குத் தெரியவில்லை. கீழே ‘பிழை இல்லை’ என்று எழுதி மகனிடம் கொடுத்துவிட்டேன். அவன் எதையும் படிக்கிறவன் இல்லை.

திங்கட்கிழமை பதிவு அதிகாரி உன்னைப் பார்த்து, “படிச்சுப் பாத்தீங்களா, சம்மதமா?” என்று கேட்பார். எல்லோரும் தலையை ஆட்டிவிட்டுப் போவார்கள். நீ ஆட்டாதே. முதல் பக்கத்து ஏழாவது வரியைச் சத்தமாகப் படிக்கச் சொல். படித்து முடித்ததும், அதில் எழுதியிருப்பது உண்மைதான் என்று சொல். அதற்கு மேல் எந்த அதிகாரியும் பதிய மாட்டார். கையெழுத்துப் போடாதே. நான் பக்கத்திலேதான் நிற்பேன், ஆனால் வாயைத் திறக்க மாட்டேன். என்னைப் பற்றி எனக்குத் தெரியும். எனக்கு வெட்கமாக இருக்கிறது சுண்டெலி. அப்பா அறை வாசலில் நின்றது போலத்தான் அன்றைக்கும் நிற்பேன். ‘இருந்துக்கட்டுமா’ என்று நீ கேட்டிருக்கக் கூடாது. உன் வீடு அது. உன் கடிதத்தில் இருந்த ஒரே பிழை அதுதான், அதை நான் முதலிலேயே பார்த்துவிட்டேன்.

அலுவலகத்திலிருந்து நேராக மாவு மில் மாடிக்குப் போ. நீ என்ன சொல்கிறாயோ அதை அந்த வக்கீலம்மா எழுதுவாள், எழுதிக் கொடுக்கிறவள் நீதான். சாயங்கால வண்டிக்குத் திரும்பிப் போக வேண்டாம், பெட்டியையும் பாயையும் கையோடு கொண்டு வந்துவிடு. பழைய மரம் வாங்குகிறவர் முந்தாநாளே வந்தார். கதவு விற்கிறதில்லை என்று நான் திருப்பி அனுப்பிவிட்டேன், வீட்டில் யாருக்கும் தெரியாது. கீல்கள் என் சட்டைப் பையில் இருக்கின்றன.

வக்கீலம்மா கொடுத்த வரைவையும் இந்த உறைக்குள் வைத்திருக்கிறேன். நான்காம் பக்கத்தைப் பார். நான் அடித்த வரிக்குக் கீழே புள்ளி வைத்திருக்கிறேன், முதல் எழுத்திலிருந்து கடைசி எழுத்து வரைக்கும்.